அடியில் கிடந்த வில்லை

வில்லை டம்ளரின் அடியில் கிடந்தது.

சோதனை அதிகாரி மூக்குக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மாட்டிக்கொண்டு, மறுபடியும் ஃப்ரீசருக்குள் குனிந்து பார்த்தார். சந்தேகமே இல்லை. கண்ணாடி டம்ளர் நிறையப் பனிக்கட்டி. அந்தப் பனிக்கட்டிக்கு அடியில், பதினேழு என்ற எண்ணோடு அவருடைய பித்தளை வில்லை மங்கலாகத் தெரிந்தது.

அவர் திரும்பிக் கடிகாரத்தைப் பார்த்தார்.

மணி காலை பத்தேகால். பெண்ணைக் கட்டிக்கொள்ளப் போகிற பையனின் குடும்பம் பன்னிரண்டரைக்கு விருந்துக்கு வருகிறது.

வெளி ஆளுக்கு இது விளங்காது. ஒரு டம்ளர், ஒரு பித்தளைத் துண்டு, இதற்குப் போய் ஒரு மனிதர் நடுங்குவாரா என்பார்கள். ஆனால் அவர் மீனை டின்னில் அடைக்கும் தொழிற்சாலையில் முப்பத்து நான்கு ஆண்டுகள் தலைமைச் சோதனை அதிகாரியாக இருந்தவர். பதினேழாம் எண் வில்லையைச் சட்டையில் குத்திய அவர் தலையசைத்தால்தான் சரக்கு வாசலைத் தாண்டும். அந்த முப்பத்து நான்கு ஆண்டுகளில் அவர் அனுப்பிய ஒரு டின்கூட உப்பியதில்லை. ஒருவர்கூட வயிற்றைப் பிடித்துக்கொண்டு வந்து நின்றதில்லை. ஓய்வு பெறும் நாளில் மற்றவர்கள் கைக்கடிகாரம் கேட்டார்கள். இவர் வில்லையைக் கேட்டு வாங்கிக்கொண்டார்.

வீட்டுக்கு வந்த பிறகும் வில்லைக்கு ஓய்வு கிடைக்கவில்லை. டம்ளர் நிறையத் தண்ணீரை உறைய வைத்து, அதன் தலைமேல் வில்லையை வைத்து ஃப்ரீசருக்குள் நிறுத்தினார். ஃபிரிட்ஜ் ஒழுங்காக ஓடும்வரை வில்லை மேலேயே இருக்கும். பல மணி நேரம் நின்றுபோனால் பனி உருகும், வில்லை மூழ்கும். அப்புறம் மறுபடி எவ்வளவு குளிர்ந்தாலும் மூழ்கினது மேலே வராது.

"மனுஷன் பொய் சொல்லுவான். வில்லை சொல்லாது" என்று வீட்டில் எல்லோரிடமும் சொல்லி வைத்திருந்தார்.

நேற்று இரவு படுக்கப் போகும்போது அது மேலேதான் இருந்தது.

அவர் மெதுவாகக் கீழ்க் கதவைத் திறந்தார். நடுத் தட்டில், மூடி போட்ட பெரிய கண்ணாடிக் கிண்ணத்தில் கடல் சாலட் இருந்தது. நேற்று மாலை நான்கு மணிக்கு அவர் கையால் செய்தது. இறாலைக் கொதிநீரில் இரண்டு நிமிடம், வளையம் வளையமாக நறுக்கிய கணவாயை ஒரே நிமிடம், சிப்பியை வாய் திறக்கும்வரை என்று கடிகாரத்தை வைத்து வேகவைத்து, பனித் தண்ணீரில் போட்டு எடுத்து, எலுமிச்சைச் சாறு, ஆலிவ் எண்ணெய், நசுக்கிய பூண்டு, மிளகு, மெல்லிய வெங்காயம் எல்லாம் கலந்து ஊற வைத்திருந்தார். மூடியில் தேதி, நேரம், கையொப்பம். தொட்டால் ஜில்லென்றுதான் இருந்தது. முகர்ந்தால் எலுமிச்சை வாசனை மூக்கைத் துளைத்தது.

அதுதான் அவரை இன்னும் பயமுறுத்தியது. "கெட்ட வாடை அடிக்கிற மீன் நல்ல மீன், அது நம்மளை எச்சரிக்குது. வாடையே இல்லாம கெட்டுப் போறதுதான் ஆளைக் கொல்லும்" என்று புதிதாக வேலைக்குச் சேர்ந்தவர்களுக்கு முப்பத்து நான்கு ஆண்டுகள் பாடம் எடுத்தவர் அவர்.

"யார் ஃபிரிட்ஜை அணைச்சது?" என்று கூவினார்.

மனைவி கையில் பாதி மடித்த மேசைத் துணியோடு வந்தாள். "ஏங்க காலங்காத்தால கத்துறீங்க? ராத்திரி கரண்ட் போயிருக்கும்."

அவர் அடுப்படிக் கடிகாரத்தைக் காட்டினார். கரண்ட் போய் வந்தால் அது வெறும் பூஜ்யங்களைக் காட்டிக் கண் சிமிட்டும். இப்போது பத்து பதினெட்டு என்று பத்தரை மாற்று நேர்மையோடு காட்டிக்கொண்டிருந்தது.

"கரண்ட் போகல. யாரோ அணைச்சிருக்காங்க. மறுபடி போட்டிருக்காங்க. வீட்டுக்குள்ள இருக்கிற கைதான்."

"நான் இல்ல."

"அப்போ உன் தம்பி."

அந்தத் தம்பி வாசலறை நாற்காலியில் கால் நீட்டிச் செய்தித்தாள் படித்துக்கொண்டிருந்தான். நகரப் பேருந்து ஓட்டுகிறவன். விருந்து என்றால் முதல் நாளே வந்துவிடுவான்.

"அத்தான், நான் உங்க ஃபிரிட்ஜைத் திறந்தது நிஜம். ஆனா அணைக்கல. காலையில எட்டு மணிக்கு அந்தச் சாலட்டுல ஒரு கிண்ணம் எடுத்துச் சாப்பிட்டேன். அதுக்காகத் திட்டணும்னா திட்டுங்க. நல்லா இருந்துச்சு."

சோதனை அதிகாரியின் முகம் வெளுத்தது. "எவ்வளவு பெரிய கிண்ணம்?"

"நடுத்தரம்தான். ஏன்?"

"ஒண்ணுமில்ல. நாக்கை நீட்டு."

"எதுக்கு?"

"நீட்டுடா!"

அவர் ஒரு வெள்ளைத் தாளை எடுத்துக் கோடு போட்டார். நேரம், நாடித்துடிப்பு, நாக்கின் நிறம், வியர்வை. தாளின் தலைப்பில் மைத்துனன் என்று எழுதினார். மைத்துனனின் மணிக்கட்டைப் பிடித்துக் கடிகாரத்தைப் பார்த்தபடி நின்றார்.

"என்ன அத்தான், பயமுறுத்துறீங்க? எனக்கு ஏதாவது ஆயிடுச்சுன்னா சாயங்காலம் வண்டியை யாரு எடுப்பா?" என்று கேட்ட மைத்துனனுக்கு அந்த நிமிடமே விக்கல் பிடித்துக்கொண்டது.

'10.25. விக்கல் தொடங்கியது' என்று அவர் எழுதினார்.

அப்போதுதான் மகள் மாடிப்படியில் இறங்கி வந்தாள். விஷயத்தைக் கேட்டாள். அவள் முகத்தில் ஆச்சரியமும் இல்லை, பதற்றமும் இல்லை.

"வில்லை அடியில போயிடுச்சுன்னா அப்புறம் என்னப்பா யோசனை? கொட்டிடுங்க" என்றாள்.

சரியான பேச்சு. வளர்ப்பு வீண் போகவில்லை. அவர் கிண்ணத்தைத் தூக்கிக்கொண்டு பின்கட்டுக்கு நடந்தார். அவருக்கு முன்பே மகள் ஓடிப்போய்க் குப்பைத் தொட்டியின் மூடியைத் திறந்து பிடித்துக்கொண்டு நின்றாள். அவர் கிண்ணத்தைச் சாய்க்கப் போன நேரம் சட்டைப்பையில் கைபேசி அடித்தது.

மறுமுனையில் சம்பந்தியாகப் போகிறவர். ஓய்வு பெற்ற நீதிபதி. இரண்டு வாரங்களுக்கு முன் நீதிபதி வீட்டுக்குப் பேச்சுவார்த்தைக்குப் போனபோது, இவர்தான் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு, "எங்க வீட்டுக்கு வாங்க. இறால், கணவாய், சிப்பி போட்டு நான் ஒரு சாலட் பண்ணுவேன். எங்க வீட்டு மரியாதையே அதுதான். அதைச் சாப்பிடாம எங்க வீட்டுல எந்த நல்ல காரியமும் முடிவானதில்ல" என்று சொல்லி வைத்தார். நீதிபதி தன் மனைவியை ஒரு முறை பார்த்துவிட்டு, "வீட்டுக்காரர் கொடுக்கிறதை வேண்டாம்னு சொல்ற வழக்கம் எங்க குடும்பத்துல கிடையாது. வந்து சாப்பிடுறேன்" என்று எல்லோர் முன்னிலையிலும் வாக்குக் கொடுத்தார். இரண்டு முதுகெலும்புகளும் அன்று நேருக்கு நேர் நிமிர்ந்து நின்றன.

"கிளம்பிட்டே இருக்கோம்" என்றார் நீதிபதி இப்போது. தீர்ப்பு வாசிக்கிற குரல். "காலையிலேருந்து பச்சைத் தண்ணி குடிக்கல. உங்க சாலட்டுக்காக வயித்தைக் காலியா வெச்சிருக்கேன்."

"ரொம்ப... ரொம்பச் சந்தோஷம்."

"சொன்ன சொல்லை நான் மீறினதில்ல. சாப்பிட்டே தீருவேன்."

சோதனை அதிகாரி கைபேசியைச் சட்டைப்பையில் போட்டார். சாலட் இல்லை என்று சொன்னால் சொன்ன சொல் போகும். ஏன் இல்லை என்று கேட்டால், முப்பத்து நான்கு ஆண்டு சோதனை அதிகாரி வீட்டில் மீன் கெட்டுப்போனது என்று சொல்ல வேண்டும். மானம் கப்பலேறும். பெண்ணின் கல்யாணமும் அதே கப்பலில் ஏறும். சாலட்டை வைத்தாலோ, ஒரு நீதிபதியை மனைவி மகனோடு சேர்த்து மேலுலகம் அனுப்ப வேண்டிவரும்.

"கொட்டலையாப்பா?" என்றாள் மகள், மூடியை இன்னும் பிடித்தபடி.

"இரு, யோசிக்கணும்."

"இதுல யோசிக்க என்ன இருக்கு? உங்க சட்டப்படி இது குப்பைக்குப் போகணும். பழங்களை வெட்டி வெச்சாப் போதும். யாரும் கேக்கமாட்டாங்க."

அவர் மகளை உற்றுப் பார்த்தார். ஏன் இவள் இவ்வளவு அவசரப்படுகிறாள்? புதிதாக ஒரு பயம் நெஞ்சுக்குள் ஊர்ந்தது. கிண்ணத்தைத் தூக்கிக்கொண்டு உள்ளே வந்து, மனைவியின் காதருகில் குனிந்தார்.

"இவளுக்கு இந்தச் சம்பந்தம் பிடிச்சிருக்கா?"

"என்னங்க கேள்வி இது? அந்தப் பையனோட ராத்திரி பகலா போன்ல பேசுறா."

"சண்டை போடுறாளோ என்னமோ."

"உங்களுக்கு இன்னைக்கு என்னமோ ஆயிடுச்சு" என்று மனைவி மேசைத் துணியை உதறினாள்.

கொதிக்க வைத்தால் என்ன என்று ஒரு கணம் நினைத்தார். அடுத்த கணமே, கொதித்தால் கிருமி சாகும், கிருமி விட்டுப்போன விஷம் சாகாது என்று தானே எழுதி ஆய்வுக்கூடச் சுவரில் ஒட்டிய வாசகம் கண்முன் வந்தது. ஒரே வழிதான். புதிதாகச் செய்ய வேண்டும்.

இஸ்திரி போட்ட சட்டையோடு அவர் மீன் கடைக்கு ஓடியதை அன்று தெருவே பார்த்தது. அவர் ஓடி யாரும் பார்த்ததில்லை. மீன்காரம்மா பலகையைக் கழுவிக்கொண்டிருந்தாள்.

"என்னய்யா, நேத்துத்தானே ஒவ்வொரு இறாலுக்கும் பேட்டி எடுத்து வாங்கிட்டுப் போனீங்க?"

"இன்னும் வேணும். இறால், கணவாய், சிப்பி."

"சிப்பி தீந்துபோச்சு. இறால் அரைக் கிலோ தேறும். கணவாய் நாலே நாலு கிடக்கு."

"கொடும்மா."

"முகந்து பாக்கலையா?"

"வேண்டாம்."

"தலையைத் திருப்பிப் பாக்கலையா? கண்ணு தெளிவா இருக்கான்னு?"

"கொடும்மான்னு சொல்றேன்ல."

மீன்காரம்மா பயந்துபோனாள். "ஐயா, வீட்டுல யாருக்காவது உடம்பு சரியில்லையா?"

"விருந்தாளி அதிகமாயிட்டாங்க" என்றார் அவர். வாழ்க்கையில் அவர் சொன்ன முதல் பொய். அது இவ்வளவு எளிதாக வந்ததை எண்ணி அவருக்கே உடம்பு சிலிர்த்தது.

வீட்டுக்கு வந்தபோது மணி பதினொன்றைத் தாண்டியிருந்தது. மைத்துனன் வாசலில் தாளோடு காத்திருந்தான். "அத்தான், விக்கல் நிமிஷத்துக்கு ஒம்பது. இப்போ காலும் மரத்துப்போச்சு."

"எந்தக் கால்?"

"இடது. அரை மணி நேரமா அது மேலதான் உக்காந்திருக்கேன்."

'இடது கால் மரத்தது' என்று எழுதிவிட்டு, பிறகு அடித்தார்.

இறாலை உரித்து, நரம்பை எடுத்து, கணவாயை நறுக்கி, அளந்து வேகவைத்து, அவசரமாக எலுமிச்சை பிழிந்து முடித்தபோது பதினொன்றே முக்கால். மிஞ்சியது ஒரு சின்னக் கிண்ணம்தான். அதைச் சுற்றிப் பனிக்கட்டியை அடுக்கி ஃப்ரீசரில் வைத்தார். பச்சைத் தாளை அதன் மூடியில் ஒட்டினார். தொழிற்சாலையில் பச்சை என்றால் போகலாம்.

பழைய பெரிய கிண்ணத்தில் சிவப்புத் தாளை ஒட்டினார். சிவப்பு என்றால் நிராகரிக்கப்பட்டது.

"சிவப்பு ஒட்டியாச்சுல்ல? இப்பவாவது கொட்டுங்கப்பா" என்றாள் மகள். குரல் கெஞ்சியது.

"எப்படிக் கொட்டறது? நிராகரிச்ச சரக்கைக் காரணம் கண்டுபிடிக்கிறவரைக்கும் அழிக்கக் கூடாது. அதுதான் விதி. தனியா வெச்சுக் காப்பாத்தணும். யாரு அணைச்சாங்கன்னு நான் கண்டுபிடிக்காம விடமாட்டேன்."

மகள் கைபேசியை எடுத்துக்கொண்டு மாடிக்கு ஓடினாள். மேலே அவள் அடக்கிய குரலில் யாரிடமோ வேகமாகப் பேசுவது கேட்டது. சண்டைதான் போடுகிறாள் என்று அவர் முடிவுக்கு வந்தார்.

மனைவியிடம் அவர் எதையும் விளக்கவில்லை. சொன்னால் அவள் பதறுவாள். பதறினால் முகத்தில் தெரியும். முகத்தில் தெரிந்தால் குட்டு வெளிப்பட்டுவிடும். இது அவர் போட்ட கணக்கு. வாசலில் கார் வந்து நின்றபோது அவர் சட்டையை மாற்றிக்கொண்டிருந்தார்.

நீதிபதி நெடுநெடுவென்று உள்ளே வந்தார். பளபளத்த காலணி, இறுகிய தாடை. தூக்குத் தண்டனை சொல்லப் போகிறவர் போலவும் இருந்தது, கேட்கப் போகிறவர் போலவும் இருந்தது. பின்னால் அவர் மனைவி, மார்போடு ஒரு சின்னப் பையை இறுகப் பிடித்தபடி. அதற்குப் பின்னால் பையன். பையன் முதல் வேலையாக மகளைப் பார்த்தான். மகள் உதட்டைக் கடித்துக்கொண்டு இல்லை என்று தலையாட்டினாள். பையன் முகம் தொங்கிப்போனது.

இதைச் சோதனை அதிகாரி பார்த்தார். எல்லாம் முடிந்துபோன ஜோடி என்று நினைத்தார்.

"மணக்க மணக்க இருக்கே" என்றார் நீதிபதி, மூக்கைக் கைக்குட்டையால் மூடிக்கொண்டே.

"உக்காருங்க. இதோ எல்லாம் தயார்."

மேசையில் ரொட்டியும் காய்கறிச் சூப்பும் வறுத்த கோழியும் இருந்தன. நடுவில் ஓர் இடம் காலியாக இருந்தது. சோதனை அதிகாரி பச்சைக் கிண்ணத்தை எடுத்து வர எழுந்தார். அதற்குள் மனைவி அடுப்படியிலிருந்து புன்னகையோடு வந்து, பெரிய கண்ணாடிக் கிண்ணத்தை நடுவில் வைத்தாள். விளிம்புவரை சாலட்.

அவர் எழுந்தவர் எழுந்தபடியே நின்றார்.

"இது... எது?" என்று காற்றாகக் கேட்டார்.

"ரெண்டும்தான்" என்று மனைவி அவர் காதில் சொன்னாள். "பச்சைத் தாள் ஒட்டினது எண்ணி நாலு கரண்டிதான் இருந்துச்சு. அதைக் கொண்டுவந்து வெச்சா நம்மளை என்ன நினைப்பாங்க? சிவப்புல கொட்டிக் கலந்துட்டேன். நெறைய இருந்தாத்தானே மரியாதை."

முப்பத்து நான்கு ஆண்டுகளில் தேர்ந்த சரக்கையும் நிராகரித்த சரக்கையும் ஒன்றாகக் கலந்தவர் யாரும் இல்லை. அடுப்படி வாசலில் நின்ற மைத்துனன் சுவரைப் பிடித்துக்கொண்டு ஒரு பெரிய விக்கல் விட்டான்.

"அப்பா, நான் வேணா உள்ள எடுத்துட்டுப் போயிடட்டுமா? இன்னும் கொஞ்சம் குளிரட்டும்" என்றாள் மகள்.

"குளிர்ந்தது போதும்" என்றார் நீதிபதி. வாக்கை நிறைவேற்ற வந்த மனிதரின் உறுதி அந்தக் குரலில் இருந்தது. அவர் தட்டை நீட்டினார். "போடுங்க."

நீதிபதியின் நெற்றியில் வியர்வை அரும்பியிருந்தது. அவர் மனைவி மடியிலிருந்த பையின் வாயைத் திறந்து, உள்ளே கையை விட்டு வைத்துக்கொண்டாள். பையன் தண்ணீர்க் குவளையைத் தட்டிவிட்டான். வேண்டுமென்றே தட்டியது போல இருந்தது. ஆனால் தண்ணீர் சாலட்டின் பக்கம் போகாமல் கோழியின் பக்கம் ஓடிவிட்டது.

மோப்பம் பிடித்துவிட்டார்கள் என்று நினைத்தார் சோதனை அதிகாரி. கெட்டது என்று தெரிந்தும் கௌரவத்துக்காகச் சாப்பிட வந்திருக்கிறார் இந்த மனிதர். போடாவிட்டால் அவமானம். போட்டால் கொலை.

இத்தகைய இக்கட்டில் ஒரு குடும்பத் தலைவன் என்ன செய்ய வேண்டும் என்பதை எந்தப் புத்தகமும் எழுதி வைக்கவில்லை. சிலர் உண்மையைச் சொல்லிவிடுவார்கள். அது சுலபமான வழி. அவர் சுலபமான வழிகளில் நடந்து பழகாதவர். தன் வீட்டில் செய்த பிழை தன் வீட்டோடு, முடிந்தால் தன்னோடு, முடிய வேண்டும்.

அவர் கிண்ணத்தை இரண்டு கையாலும் தன் பக்கம் இழுத்துக்கொண்டார்.

"எங்க குடும்பத்துல ஒரு வழக்கம் உண்டு" என்றார். இரண்டாவது பொய். "முதல் கரண்டி வீட்டுக்காரன் சாப்பிடணும்."

"நல்ல வழக்கம்" என்றார் நீதிபதி.

அவர் ஒரு கரண்டி அள்ளி வாயில் போட்டார். மென்றார். விழுங்கினார். இறங்கும் இடமெல்லாம் தெரிந்தது.

நீதிபதி மறுபடி தட்டை நீட்டினார்.

"ரெண்டாவது கரண்டியும்" என்றார் சோதனை அதிகாரி.

மூன்றாவது கரண்டிக்கு அவர் காரணம் சொல்லவில்லை. நான்காவதுக்குத் தலை நிமிரவில்லை. இறாலும் கணவாயும் சிப்பியுமாக அள்ளி அள்ளிப் போட்டுக்கொண்டார். எலுமிச்சைச் சாறு தாடையில் வழிந்து புதுச் சட்டையில் சொட்டியது.

"என்னங்க!" மனைவிக்கு முகம் சிவந்துவிட்டது. "அவங்களுக்கு வைங்க!"

"இன்னும்... ருசி பாத்து... முடியல."

"பாதிக் கிண்ணம் ருசி பாக்கறதா? மானத்தை வாங்காதீங்க!"

மானத்தைக் காப்பாற்றத்தான் சாப்பிடுகிறேன் என்று சொல்ல வாயில் இடமில்லை. ஒவ்வொரு விழுங்கலிலும் ஒரு கணக்கு ஓடியது. ஆறு மணி நேரத்தில் குமட்டல். பன்னிரண்டு மணி நேரத்தில் காய்ச்சல். வீட்டுப் பத்திரம் அலமாரியில் இரண்டாவது தட்டு. அதை மனைவியிடம் சொல்ல மறக்கக் கூடாது.

கணவாயை அவர் மெல்லும் சத்தம் மட்டும் கேட்டது. மைத்துனன் அந்தக் காட்சியைக் கண்டு வாய் பிளந்து நின்றான்; இரண்டு மணி நேரமாக இருந்த விக்கல் பட்டென்று நின்றுபோனது.

கடைசி இறாலை விழுங்கிவிட்டு, கிண்ணத்தின் அடியில் தேங்கிய சாற்றையும் விடாமல் தூக்கிக் குடித்துவிட்டு, அவர் கிண்ணத்தை மேசையில் வைத்தார். நிமிர்ந்து உட்கார்ந்தார். சாகப் போகிறவன் குனிந்து சாகக் கூடாது.

நீதிபதி நீட்டிய தட்டை மெல்ல இறக்கினார். அவர் கண்கள் கலங்கியிருந்தன. தாடை தளர்ந்திருந்தது. நெடுநேரம் சோதனை அதிகாரியையே பார்த்தார்.

"முப்பது வருஷம் நீதிமன்றத்துல எத்தனையோ மனுஷங்களைப் பாத்திருக்கேன்" என்றார் தழுதழுத்த குரலில். "இப்படி ஒரு மனுஷனை நான் பாத்ததில்ல."

தீர்ப்பு வந்துவிட்டது என்று சோதனை அதிகாரி கண்ணை மூடிக்கொண்டார். கல்யாணம் போச்சு. பரவாயில்லை. யாரும் சாகவில்லை. அவரைத் தவிர.

அதற்குப் பிறகு நடந்தது அவருக்குப் பாதிதான் விளங்கியது. நீதிபதி ரொட்டியையும் சூப்பையும் கோழியையும் இரண்டு நாள் பட்டினி கிடந்தவர் போலச் சாப்பிட்டார். சிரித்தார். மைத்துனனின் முதுகில் தட்டிப் பேருந்து ஓட்டுவதைப் பற்றிக் கேட்டார். பையன் மகளைப் பார்த்துப் பல்லெல்லாம் தெரியச் சிரித்தான். சோதனை அதிகாரி மட்டும் ஒன்றும் தொடாமல், மேசைக்கு அடியில் தன் நாடியைத் தானே பிடித்துப் பார்த்துக்கொண்டிருந்தார்.

விடைபெறும்போது நீதிபதி அவருடைய இரண்டு கைகளையும் பற்றிக்கொண்டார்.

"கல்யாணத் தேதியை நீங்களே குறிச்சுச் சொல்லுங்க. எந்தத் தேதின்னாலும் எனக்குச் சம்மதம்."

"சீக்கிரமா வெச்சிடலாம்" என்றார் சோதனை அதிகாரி, ஆறு மணி நேரக் கணக்கை மனதில் வைத்து.

நீதிபதியும் பையனும் காரில் ஏறினார்கள். மனைவி வழியனுப்பத் தெருவுக்கு நடந்தாள். சோதனை அதிகாரி கதவுக்குப் பின்னால் சுவரில் சாய்ந்து, உப்பிப்போன வயிற்றைத் தடவிக்கொண்டார். முப்பத்து நான்கு ஆண்டுகளில் ஒரு டின்கூட உப்பியதில்லை. கடைசியில் உப்பியது இதுதான். கழுத்தை நீட்டி ஃபிரிட்ஜைப் பார்த்தார். யார் அணைத்தது என்பது தெரியாமலே போய்ச் சேர வேண்டியதுதான் போலிருந்தது.

கதவுக்கு அந்தப் பக்கம் நீதிபதியின் மனைவி, மகளின் கையைப் பிடித்துக்கொண்டு ரகசியக் குரலில் கேட்டாள்:

"இறால்ல ஒரு துண்டு உள்ள போனாலே எங்க வீட்டுக்காரருக்கு மூச்சடைச்சிடும், ஆனா வேண்டாம்னு வாயால சொல்லமாட்டார்னு உன்கிட்ட சொன்னேன். நீயும், 'வில்லையை டம்ளர் அடியில போட்டு, மேல தண்ணி ஊத்தி உறைய வெச்சிட்டேன் அத்தை, கெட்டுப்போச்சுன்னு நெனச்சு அப்பாவே கொட்டிடுவார்'னு சொன்ன. அப்படின்னா, கெட்டுப்போச்சுன்னு நெனச்சதை எதுக்கும்மா அந்த மனுஷன் அத்தனையும் அவரே சாப்பிட்டார்?"